ஜார்ஜியா 1860–61: அடிமை முறையும் பிரிவினை விவாதமும் (அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்)

இங்கே பேசப்படுவது அமெரிக்காவின் தென்பகுதி மாநிலமான ஜார்ஜியா. அடிமை முறை நடப்பில் இருந்த அந்த மாநிலம் ஒன்றியத்தை, அதாவது அமெரிக்காவை, விட்டு விலகுவதா என்பதே விவாதம். கருங்கடல் ஓரத்து நாடு அல்ல. அப்போது அதன் தலைநகரம் அட்லாண்டா அல்ல, மில்லெட்ஜ்வில் என்ற சிற்றூர். ஏன் இந்த ஒரு மாநிலம் என்றால், தென் கரோலினாவில் விவாதம் என்று சொல்லத்தக்க எதுவும் நடக்கவில்லை. எல்லோரும் ஒரே பக்கம். ஜார்ஜியாவில்தான் இரு தரப்பும் நேருக்கு நேர் நின்று, எழுத்தில் பதிவாகும்படி மோதிக்கொண்டன.

நடந்தது என்ன? தேதிவாரியாகச் சொல்ல முடியுமா?

1860 நவம்பர் 6: ஆபிரகாம் லிங்கன் குடியரசுத் தலைவர் தேர்தலில் வெல்கிறார். ஜார்ஜியாவில் அவருக்கு ஒரு ஓட்டுகூட இல்லை. அந்தக் காலத்தில் ஓட்டுச் சீட்டை அரசு அச்சடிக்காது, கட்சிகளே அச்சடித்துக் கொடுக்கும். குடியரசுக் கட்சிக்கு அங்கே சீட்டு அச்சடிக்க ஆளே இல்லை. மற்ற மூன்று வேட்பாளர்களில் பிரெக்கின்ரிட்ஜுக்குச் சுமார் 52,000, பெல்லுக்குச் சுமார் 43,000, டக்ளஸுக்குச் சுமார் 11,500. யாருக்கும் பாதிக்கு மேல் கிடைக்காததால் மாநிலச் சட்டமன்றமே பிரெக்கின்ரிட்ஜுக்குத் தேர்வாளர்களை (குடியரசுத் தலைவரை முறைப்படி தேர்ந்தெடுப்பவர்களை) கொடுத்தது.

நவம்பர் 7: ஆளுநர் ஜோசப் பிரௌன் படைச் செலவுக்கு 10 லட்சம் டாலர் கேட்கிறார், சட்டமன்றம் கொடுக்கிறது. அதே மாதம் சட்டமன்றம் ஒரு மாநாட்டைக் கூட்டச் சட்டம் போடுகிறது. 1861 ஜனவரி 2-இல் பிரதிநிதிகள் தேர்தல். ஜனவரி 16-இல் மாநாடு. ஜனவரி 19-இல் பிரிவுத் தீர்மானம். ஜனவரி 29-இல் காரணங்களை விளக்கும் பிரகடனம். தென் கரோலினா, மிசிசிப்பி, புளோரிடா, அலபாமாவுக்குப் பிறகு வெளியேறிய ஐந்தாவது மாநிலம் ஜார்ஜியா.

அடிமை முறை வேண்டுமா வேண்டாமா என்பதுதானே விவாதம்?

இல்லை. இந்த ஒரு இடத்தில் பிசகினால் மற்ற எல்லாமே பிசகும். மில்லெட்ஜ்வில்லில் மேடையேறிய ஒருவர்கூட அடிமை முறையை ஒழிக்க வேண்டும் என்று பேசவில்லை. அடிமை முறைக்குப் பாதுகாப்பு ஒன்றியத்துக்கு உள்ளேயா, வெளியேயா? கேள்வி இதுதான். பிரிவை எதிர்த்த அலெக்சாண்டர் ஸ்டீபன்ஸ் தன் ஊரான கிராஃபோர்ட்வில்லில் சுமார் 30 பேரை அடிமைகளாக வைத்திருந்தவர். ஒன்றியத்தை விட்டுப் போனால் அடிமை முறை ஆபத்தில் மாட்டும் என்பதுதான் அவர் தரப்பின் வலுவான வாதங்களில் ஒன்று. பின்னால் நடந்ததைப் பார்த்தால், அந்தக் கணக்கில் அவர்தான் சரி.

இரண்டு தரப்பையும் எப்படிப் பிரித்துப் பார்ப்பது?

ஒரு தரப்பு உடனடிப் பிரிவினர்: செனட்டர் ராபர்ட் டூம்ப்ஸ், வழக்கறிஞர் தாமஸ் காப், அவருடைய அண்ணன் ஹோவெல் காப், ஆளுநர் பிரௌன். மற்றவர்களுக்காகக் காத்திருக்காமல் ஜார்ஜியா தனியாகவே வெளியேற வேண்டும் என்றவர்கள்.

எதிர்த்தரப்பைக் கூட்டு முடிவுக்காரர்கள் எனலாம்: ஸ்டீபன்ஸ், பெஞ்சமின் ஹில், ஹெர்ஷல் ஜான்சன். ஜான்சன் அந்தத் தேர்தலில் டக்ளஸோடு துணைத் தலைவர் பதவிக்கு நின்றவர். தென் மாநிலங்கள் எல்லாம் கூடிப் பேசி, வடக்கிடம் நிபந்தனை வைத்து, நடக்காவிட்டால் சேர்ந்து வெளியேறலாம் என்பது இவர்கள் நிலை. இந்தக் கூட்டத்துக்குள் பல ரகம் உண்டு. பிரிவே கூடாது என்று மனதார நினைத்தவர்கள் இருந்தார்கள். பிரியலாம், ஆனால் நாலு பேரோடு சேர்ந்து பிரியலாம் என்றவர்களும் இருந்தார்கள். இவர்கள் எல்லோரையும் ‘ஒன்றிய விசுவாசிகள்’ என்று ஒரே பெட்டியில் போடுவது வழக்கமான தவறு.

1850-இல் நிலைமை வேறு. அப்போது டூம்ப்ஸ், ஸ்டீபன்ஸ், ஹோவெல் காப் மூவரும் ஒன்றியத்தின் பக்கம் ஒன்றாக நின்றார்கள். ‘ஜார்ஜியா நிலைப்பாடு’ என்று பெயர் பெற்ற அந்த ஆண்டு டிசம்பர் தீர்மானம், ஒன்றியத்தில் இருக்கிறோம், ஆனால் தப்பியோடிய அடிமைகள் சட்டத்தை (வடக்கே தப்பியவர்களைப் பிடித்துத் திருப்பித் தரச் சொல்லும் ஒன்றியச் சட்டத்தை) ஒழுங்காக நிறைவேற்ற வேண்டும் என்றது. பத்தாண்டில் அந்த நிபந்தனை மீறப்பட்டதா என்பதில்தான் மூவரும் பிரிந்தார்கள்.

நவம்பர் மாலைப் பேச்சுகளில் என்ன பேசினார்கள்?

நாலு இரவு. நவம்பர் 12 தாமஸ் காப், 13 டூம்ப்ஸ், 14 ஸ்டீபன்ஸ், 15 ஹில். சட்டமன்ற உறுப்பினர்கள் பகலில் மசோதாக்களைப் பார்த்துவிட்டு மாலையில் இவற்றைக் கேட்டார்கள். அடிமை முறைச் சட்டம் பற்றி 1858-இல் பெரிய நூலே எழுதிய காப்பும், டூம்ப்ஸும், மக்களிடம் போகாமல் சட்டமன்றமே உடனே முடிவெடுக்கலாம் என்று தூண்டினார்கள். ‘வாளை என் கையில் கொடுங்கள்; கொடுக்காவிட்டால் நானே எடுத்துக்கொள்வேன்’ என்ற பொருளில் டூம்ப்ஸ் முழங்கியது இந்தக் கூட்டத்தில்தான்.

மறுநாள் ஸ்டீபன்ஸ் ஒவ்வொன்றாக அவிழ்த்தார். அரசியல் சட்டப்படி ஒருவர் தேர்ந்தெடுக்கப்பட்டது மட்டும் பிரிவுக்குப் போதிய காரணம் ஆகாது. லிங்கனால் தனியாக என்ன செய்துவிட முடியும்? பிரதிநிதிகள் அவையும் செனட்டும் அவர் கையில் இல்லை. செனட்டின் சம்மதம் இல்லாமல் அமைச்சரைக்கூட நியமிக்க முடியாது. தவிர, ஒன்றியத்தில் சேர முடிவெடுத்தது மக்களின் மாநாடு. விலகுவதானாலும் அதே வழிதான், சட்டமன்றத்துக்கு அந்த அதிகாரம் கிடையாது. நடுநடுவே டூம்ப்ஸ் எழுந்து குறுக்கிட்டார், ஸ்டீபன்ஸ் அங்கேயே பதில் சொன்னார். அச்சான பேச்சில் அந்தக் குறுக்கீடுகளும் இருக்கின்றன. முடிந்ததும் டூம்ப்ஸே எழுந்து, இவரைவிடத் தூய தேசபக்தர் இல்லை என்று புகழ்ந்து, மூன்று முறை வாழ்த்து முழங்கச் சொல்லிக் கூட்டத்தைக் கலைத்தார். இருவரும் கடைசிவரை நண்பர்கள்.

மாநாடு என்ற விஷயத்தில் ஸ்டீபன்ஸின் சொல் நின்றது. பிரிவு விஷயத்தில் நிற்கவில்லை.

உண்மையான காரணம் சுங்க வரிதான் என்கிறார்களே?

வரிப் பேச்சு இருந்தது, இல்லை என்று சொல்ல முடியாது. டூம்ப்ஸ் தன் பேச்சில், இறக்குமதி வரியை உயர்த்தும் மொரில் வரி மசோதாவை, கொள்ளைக்காரனும் தீ வைப்பவனும் கைகோர்த்துத் தெற்கின் மீது நடத்தும் தாக்குதல் என்றார். ஆனால் மறுநாளே ஸ்டீபன்ஸ் கொடுத்த பதிலைப் படிக்க வேண்டும். இப்போது நடப்பில் இருக்கும் வரிக்கு மாசசூசெட்ஸும் தென் கரோலினாவும் சேர்ந்தே ஓட்டுப் போட்டன, சிங்கமும் ஆட்டுக்குட்டியும் ஒன்றாகப் படுத்தன, என் நண்பரும் அதற்கு ஓட்டுப் போட்டவர்தானே என்றார். அந்த நண்பர் எதிரில் உட்கார்ந்திருந்த டூம்ப்ஸ். பேசப்பட்டது 1857-இன் குறைந்த வரிச் சட்டம்.

காலவரிசையும் இந்த வாதத்துக்கு உதவாது. மொரில் மசோதா செனட்டில் நிறைவேறியது 1861 பிப்ரவரியில், தென் மாநில செனட்டர்கள் எழுந்து போன பிறகு. அவர்கள் இடத்திலேயே உட்கார்ந்திருந்தால் அதைத் தடுத்திருக்கலாம்.

மாநில உரிமைக்கான போராட்டம் என்பது தவறா?

தமிழ் வாசகர் சற்று நிதானிக்க வேண்டிய இடம் இது. ‘மாநில உரிமை’, ‘ஒன்றியம்’ என்ற சொற்களைக் கேட்டதுமே நமக்கு மாநில சுயாட்சி, நிதிப் பங்கீடு, மொழி உரிமை எல்லாம் நினைவுக்கு வரும். மனம் தானாக மாநிலத்தின் பக்கம் சாயும். அந்தச் சாய்வோடு ஜார்ஜியா ஆவணங்களைப் படித்தால் தடுமாறுவோம். பிரிவுக்கு முன் ஜார்ஜியாவின் முக்கியமான புகார், ஒன்றிய அரசு மாநிலங்களில் தலையிடுகிறது என்பதல்ல. வட மாநிலங்கள் தங்கள் சட்டங்களைக் கொண்டு ஒன்றியச் சட்டத்தைத் தடுக்கின்றன என்பதே புகார்.

ஓர் உதாரணம். மேக்கன் நகரில் அடிமைகளாக இருந்த வில்லியம் கிராஃப்டும் எல்லன் கிராஃப்டும் கணவன் மனைவி. 1848 டிசம்பரில் தப்பினார்கள். வெளிர் நிறம் கொண்ட எல்லன், உடம்பு சரியில்லாத வெள்ளைக்கார இளம் பண்ணையார் போல் ஆண் உடையில். வில்லியம் கூடவே வேலையாள். எல்லனுக்கு எழுதத் தெரியாது. விடுதியில் கையெழுத்துக் கேட்டால் மாட்டிக்கொள்ள நேரும். அதனால் வலது கையைத் தூளியில் கட்டிக்கொண்டார். ரயிலில் சவானா, அங்கிருந்து கப்பலில் சார்ல்ஸ்டன் என்று போய்க் கிறிஸ்துமஸ் அன்று பிலடெல்பியா சேர்ந்தார்கள். 1850-இல் தப்பியோடிய அடிமைகள் சட்டம் வந்ததும் மேக்கனிலிருந்து இரண்டு பேர் அவர்களைப் பிடிக்க பாஸ்டன் போனார்கள். பாஸ்டன்காரர்கள் விடவில்லை, வந்தவர்கள் வெறுங்கையோடு திரும்பினார்கள், தம்பதி இங்கிலாந்துக்குக் கப்பலேறினார்கள். ஜார்ஜியாவில் இது பெரிய அவமானமாகப் பேசப்பட்டது. கேட்டது என்ன? பாஸ்டனுக்குள் ஒன்றிய அரசின் கை இன்னும் பலமாக நீள வேண்டும் என்று.

அடிமைகளே இல்லாத வெள்ளையர்கள் ஏன் இதற்குத் தலையாட்டினார்கள்?

முதலில் எண்கள். 1860 கணக்கெடுப்பில் ஜார்ஜியாவின் மக்கள்தொகை 10,57,286. அதில் அடிமைகள் 4,62,198, அதாவது 100-க்குச் சுமார் 44 பேர். சுதந்திரமான கறுப்பினத்தவர் 3,500. வெள்ளைக் குடும்பங்களில் 100-க்குச் சுமார் 37 மட்டுமே அடிமைகளை வைத்திருந்தன. ஆக, பெரும்பான்மை வாக்காளர்களிடம் அடிமை இல்லை. இது பிரௌனுக்கு நன்றாகத் தெரியும். அவரே வடக்கு மலைப்பகுதியான கேண்டனிலிருந்து வந்தவர்.

அதனால் டிசம்பர் 7-இல் ஒரு பகிரங்கக் கடிதம் எழுதினார். கணக்குப் போட்டுக் காட்டுகிற கடிதம். தெற்கில் சுமார் 45 லட்சம் அடிமைகள். தலைக்குக் குறைந்தது 500 டாலர் வைத்தாலும் 225 கோடி டாலர். ஒழிப்பு வந்தால் முதலாளிகளுக்கு ஈடு கொடுத்தாக வேண்டும். அந்தப் பணம் வரியாக ஏழை வெள்ளையர் தலையில் விழும். பணம் வாங்கிய பண்ணையார்கள் நல்ல நிலத்தை எல்லாம் வளைத்துப் போடுவார்கள், ஏழை குத்தகைதாரர் ஆவார். விடுதலையானவர்கள் மலைப்பகுதிக்கு வருவார்கள், கூலி இறங்கும். கடைசியில்தான் அவருடைய துருப்புச் சீட்டு: இங்கே ஏழை வெள்ளைத் தொழிலாளி மதிக்கப்படுகிறான், அவன் கீழ்வர்க்கம் இல்லை, கறுப்பினத்தவர் எந்த விதத்திலும் அவனுக்குச் சமம் இல்லை.

தலைக்கு 500 டாலர் என்பது மிகக் குறைத்துப் போட்ட மதிப்பு. அப்போது மத்திய ஜார்ஜியாச் சந்தையில் நல்ல உடல்வலுவுள்ள வயல் ஆள் சுமார் 1,800 டாலர் போனார். சாதிப் படிநிலையை அறிந்தவர்களுக்கு இந்தக் கடிதத்தை விளக்க வேண்டியதே இல்லை: தனக்குக் கீழே ஒருவன் இருக்கிறான் என்பதையே ஒரு சொத்தாகக் காட்டி ஓட்டு வாங்கும் உத்தி.

மலை மாவட்டங்கள் முழுதாக மசியவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். பிக்கன்ஸ் கவுன்ட்டியில் (கவுன்ட்டி என்பது மாவட்டம் போன்றது) பிரிவுக்குப் பிறகும் சில வாரங்கள் ஒன்றியக் கொடி பறந்தது. படை அனுப்பி இறக்கச் சொன்னவர்களிடம் பிரௌன் மறுத்துவிட்டார். விஷயம் தானாக அடங்கியது.

ஜனவரி 2 தேர்தலில் மக்கள் பிரிவுக்கு ஓட்டுப் போட்டார்களா?

பெரும்பான்மை என்று அடித்துச் சொல்ல முடியாது. அன்று மாநிலத்தின் பல பகுதிகளில் கொட்டும் மழை. எங்கோ தூரத்தில் வாக்குச்சாவடி உள்ள மலைப்பகுதியில் அது யாரைப் பாதித்திருக்கும் என்று ஊகிக்கலாம். பல கவுன்ட்டிகளில் வேட்பாளர்கள் எந்தத் தரப்பு என்றே தெளிவில்லை; சில இடங்களில் இரு தரப்பும் பேசிவைத்து ஒரே பட்டியல் போட்டார்கள்.

பிரௌன் முடிவை உடனே வெளியிடவில்லை. ஏப்ரல் வரை இழுத்துவிட்டுத்தான் 50,243-க்கு 37,123 என்று அறிவித்தார். கவுன்ட்டி வாரியான எண்களைப் பிற்கால வரலாற்றாய்வாளர்கள் கூட்டிப் பார்த்தபோது அந்த இடைவெளி காணாமல் போனது: இரு தரப்பும் ஏறக்குறைய சரிபாதி, கூட்டு முடிவுத் தரப்பு ஒரு நூலிழை முன்னால்கூட இருந்திருக்கலாம். பிரௌனின் எண்ணை மேற்கோள் காட்டும்போது ‘ஆளுநர் அறிவித்தபடி’ என்று சேர்க்காமல் விடாதீர்கள்.

மறுநாள் ஜனவரி 3-இல் மாநிலப் படை சவானா முகத்துவாரத்தில் இருந்த புலாஸ்கி கோட்டையைக் கைப்பற்றியது. அது ஒன்றிய அரசின் கோட்டை. காவலுக்கு விரல்விட்டு எண்ணக்கூடிய ஆட்களே. மாநாடு கூட இன்னும் இரண்டு வாரம் இருந்தது, ஆளுநர் காத்திருக்கவில்லை.

166, 164, 208 என்று மூன்று எண்கள் வருகின்றன. எதை எடுத்துக்கொள்வது?

மூன்றும் சரி, மூன்றும் வெவ்வேறு ஓட்டெடுப்பு. மாநாட்டில் 301 இடங்கள். 132 கவுன்ட்டிகளுக்கு ஆளுக்கு 2, அதில் பெரிய 37-க்குக் கூடுதலாக ஒன்று. கூட்டிப் பாருங்கள், 301 வரும்.

ஜனவரி 18-இல் யூஜீனியஸ் நிஸ்பெட் ‘பிரிவது மாநிலத்தின் உரிமையும் கடமையும்’ என்ற தீர்மானத்தைக் கொண்டுவந்தார்: ஆதரவு 166, எதிர்ப்பு 130. தென் மாநிலங்களை பிப்ரவரி 16-இல் அட்லாண்டாவுக்கு அழைத்துப் பேசலாம் என்ற ஜான்சனின் மாற்றுத் தீர்மானம் 133-க்கு 164 என்று தோற்றது. பிறகு ஜனவரி 19-இல் இறுதிச் சட்டம்: 208-க்கு 89.

உண்மையான பலப்பரீட்சை முதல் இரண்டில்தான். 18-ஆம் தேதி 130 பேர் எதிர்த்தார்கள், 19-ஆம் தேதி 89 ஆனார்கள். இடையில் நழுவிய 41 ஓட்டும் மனமாற்றம் அல்ல. தோற்றது உறுதியான பிறகு ஒற்றுமை காட்டலாம் என்று போனவர்களே பெரும்பாலோர். ஹில் அப்படித்தான் கடைசியில் ஆதரித்தார். ஸ்டீபன்ஸும் ஜான்சனும் கடைசிவரை ‘இல்லை’ என்றே ஓட்டுப் போட்டார்கள். ஆனால் 21-ஆம் தேதி சட்டத்தில் கையெழுத்துப் போட்டார்கள். 6 பேர் மட்டும் எதிர்ப்பைத் தனியாக எழுதிக் கொடுத்துவிட்டுக் கையெழுத்திட்டார்கள். 208–89-ஐ மட்டும் காட்டி ‘ஜார்ஜியாவே ஒருமனதாய் எழுந்தது’ என்று எழுதுவது அந்தக் காலத்துப் பத்திரிகைகளின் வேலை, நம்முடையது இல்லை.

டெக்சாஸ், வர்ஜீனியா, டென்னசி மாநிலங்கள் போல் ஜார்ஜியா தீர்மானத்தை மக்கள் வாக்கெடுப்புக்கு விடவில்லை. விட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்ற பயம் பிரிவினருக்கு இல்லாமலில்லை.

ஒரு தற்செயல்: சட்டம் ரத்து செய்வதாகச் சொன்னது, ஒன்றிய அரசியல் சட்டத்தை ஜார்ஜியா ஏற்ற 1788 ஜனவரி 2-ஆம் தேதி முடிவை. பிரதிநிதிகளைத் தேர்ந்தெடுத்ததும் ஒரு ஜனவரி 2.

லிங்கன் இதில் தலையிட்டாரா?

வெளிப்படையாக இல்லை, ஆனால் ஸ்டீபன்ஸுக்குக் கடிதம் எழுதினார். 1840-களின் கடைசியில் இருவரும் காங்கிரசில் விக் கட்சிக்காரர்களாக ஒன்றாக இருந்தவர்கள். நவம்பர் 14 பேச்சைப் பத்திரிகையில் பார்த்து லிங்கன் பிரதி கேட்டார். டிசம்பர் 22-இல் எழுதிய, ‘உங்கள் பார்வைக்கு மட்டும்’ என்று குறித்த கடிதத்தில், தெற்கின் அடிமைகள் விஷயத்தில் என் அரசு தலையிடாது என்று உறுதி சொல்லிவிட்டு, சண்டையை ஒரே வரியில் வைத்தார்: அடிமை முறை சரி, அது பரவ வேண்டும் என்று நீங்கள் நினைக்கிறீர்கள், அது தவறு, அதைக் கட்டுப்படுத்த வேண்டும் என்று நாங்கள் நினைக்கிறோம். அதை வெளிப்படையாகச் சொல்லுங்கள், வெள்ளிச் சித்திர வேலைப்பாட்டில் வைத்த பொற்கனி போல இருக்கும் என்று ஸ்டீபன்ஸ் விவிலிய மொழியில் பதில் எழுதினார். லிங்கன் சொல்லவில்லை. லிங்கன் கடிதம் எழுதிய மறுநாள், டிசம்பர் 23-இல், டூம்ப்ஸ் வாஷிங்டனிலிருந்து தந்தி அடித்தார்: சமரசப் பேச்சு முடிந்தது, ஜனவரி 2-இல் ஓட்டுப்பெட்டியிலிருந்து பிரிவு இடி போல முழங்கட்டும் என்று.

காரணப் பிரகடனத்தில் என்ன எழுதியிருக்கிறது?

ஜனவரி 29-இல் மாநாடு ஏற்றது, வரைந்தவர் டூம்ப்ஸ். இரண்டாவது வாக்கியத்திலேயே விஷயம் வந்துவிடுகிறது: கடந்த பத்தாண்டாக, அடிமைகள் இல்லாத மாநிலங்கள் மீது ஆப்பிரிக்க அடிமை முறை தொடர்பாக எங்களுக்குப் பல கடுமையான புகார்கள் உண்டு என்று. பிறகு புதிய பிரதேசங்களில் அடிமைகளைக் கொண்டுபோகத் தடை, தப்பியோடியவர்களைத் திருப்பித் தராதது, 1859 அக்டோபரில் அடிமை ஒழிப்புப் போராளி ஜான் பிரௌன் (ஆளுநர் பிரௌன் அல்ல) வர்ஜீனியாவின் ஹார்ப்பர்ஸ் ஃபெர்ரியைத் தாக்கியது. மீன்பிடி மானியம், கலங்கரை விளக்கச் செலவு, சுங்க வரி எல்லாம் நடுவில் வருகின்றன. வடக்கின் வணிகர்கள் உள்நாட்டுத் தொழிலைக் காக்கும் இறக்குமதி வரிக்காகப் போராடித் தோற்று, பிறகு அடிமை எதிர்ப்பைக் கையில் எடுத்தார்கள் என்ற கதையின் முன்பகுதியாக. முடிவுக்கு அருகே, பொதுப் பிரதேசங்களில் எங்கள் 300 கோடி டாலர் சொத்தைச் சட்ட விரோதமாக்கிவிட்டார்கள் என்கிறது. அந்தச் சொத்து மனிதர்கள்.

நேரமில்லாதவர்கள் இந்த ஒன்றை மட்டும் முழுசாகப் படித்தால் போதும். நேரம் இருந்தால் டூம்ப்ஸின் பேச்சு, ஸ்டீபன்ஸின் பேச்சு, பிரௌனின் கடிதம், கடைசியாகப் பிரகடனம் என்ற வரிசையில் படியுங்கள். உள்நாட்டுப் போருக்குப் பிறகு எழுதப்பட்ட நினைவுக் குறிப்புகளிலிருந்து தொடங்காதீர்கள். ஏன் என்பது அடுத்த பதிலில்.

‘மூலைக்கல்’ பேச்சு என்பது?

பிரிவை எதிர்த்த அதே ஸ்டீபன்ஸ் பிப்ரவரியில், விலகிய தென் மாநிலங்கள் சேர்ந்து அமைத்த கூட்டமைப்பின் துணைத் தலைவர் ஆனார். மார்ச் 21-இல் சவானாவில் பேசும்போது, புதிய அரசின் மூலைக்கல் கறுப்பினத்தவர் வெள்ளையருக்குச் சமம் இல்லை என்ற உண்மையின் மீது அமர்ந்திருக்கிறது, அடிமைத்தனமே அவர்களுடைய இயல்பான நிலை என்றார். போரில் தோற்ற பிறகு 1868-லும் 1870-லும் இரண்டு தடித்த தொகுதிகள் எழுதினார். அங்கே அடிமை முறை ஓரத்துக்குப் போய், எல்லாமே அரசியல் சட்டக் கோட்பாட்டுச் சண்டையாகிவிடுகிறது. ஒரே ஆள், நடுவில் ஒரு தோல்வி. எந்த ஆண்டில் சொன்னது என்று பார்க்காமல் இவரை மேற்கோள் காட்டினால் எந்தக் கட்சிக்கும் சாட்சி கிடைக்கும்.

விவாதத்தில் அந்த 4,62,198 பேர் எங்கே?

மேடையில் எங்கும் இல்லை. அவர்களுக்குப் படிக்கக் கற்றுக்கொடுப்பதையே 1829 முதல் சட்டம் தண்டித்தது. உயிலில் எழுதிவைத்து ஒருவரை விடுதலை செய்வதை 1859-இல் தடை செய்தார்கள்.

சொத்து, சொத்து என்று பேச்சுகளில் வருவது என்ன என்று தெரிய, அதே 1859-இல் மார்ச் 2, 3 தேதிகளில் சவானாவுக்கு வெளியே குதிரைப் பந்தயத் திடலில் நடந்த ஏலத்தைப் பார்க்கலாம். கடன்பட்ட பண்ணையார் பியர்ஸ் பட்லரின் ஆட்கள். விளம்பரத்தில் 436 பேர், விற்றது 429, வசூல் 3,03,850 டாலர். குதிரைக் கொட்டகைகளில் அடைத்து வைத்திருந்தார்கள். இரண்டு நாளும் மழை. அங்கே இருந்தவர்கள் அதைக் ‘கண்ணீர்க் காலம்’ என்றே நினைவு வைத்துக்கொண்டார்கள்.

ஜார்ஜியாவில் அடிமை முறையை யாருமே எதிர்த்ததில்லையா?

தொடக்கத்தில் எதிர்த்தார்கள். 1735 முதல் 1750 வரை ஜார்ஜியாக் குடியேற்றத்தில் அடிமை முறைக்குச் சட்டப்படியே தடை இருந்தது. தடையை நீக்கக் கூடாது என்று டேரியனில் இருந்த ஸ்காட்லாந்து மலைநாட்டவர் 1739-இல் மனுவே கொடுத்தார்கள். 1860-இல் இதைப் பேச ஆள் இல்லை.

தமிழில் எழுதும்போது எங்கே சறுக்குகிறோம்?

கட்சிப் பெயர்களில். அன்றைய குடியரசுக் கட்சி அடிமை முறை பரவுவதை எதிர்த்தது. ஜனநாயகக் கட்சியின் தென்பகுதி அதைக் காத்தது. இன்றைய கட்சிகளின் சாயலை அவற்றின் மேல் பூசக் கூடாது. அடுத்தது, ‘பிரிவினை’ என்ற சொல். நமக்கு அது 1947-ஐ நினைவூட்டும்: ஒரு நாட்டை இரண்டாகக் கூறு போடுவது. இங்கே நடந்தது ஒவ்வொரு மாநிலமும் தனித்தனியாகத் தீர்மானம் போட்டு விலகியது. ‘விலகல்’ அல்லது ‘பிரிந்து போதல்’ இன்னும் பொருந்தும். பழக்கம் காரணமாக நாங்களும் தலைப்பில் பிரிவினை என்றே வைத்திருக்கிறோம்.

விவாதித்தவர்கள் பிறகு என்ன ஆனார்கள்?

தாமஸ் காப் 1862 டிசம்பரில் ஃபிரெடெரிக்ஸ்பர்க் போரில் செத்தார். டூம்ப்ஸ் கூட்டமைப்பின் முதல் வெளியுறவு அமைச்சர். சில மாதத்தில் சலித்துப் போய்ப் படைக்குப் போனார். பிரௌன் கதைதான் வேடிக்கை. 1862-இல் கூட்டமைப்பு கட்டாயப் படைச்சேர்ப்புச் சட்டம் போட்டதும் மாநில உரிமை பறிபோகிறது என்று தன் சொந்தத் தலைவர் ஜெஃபர்சன் டேவிஸோடு மல்லுக்கு நின்றார். போர் முடிந்ததும் கொஞ்ச காலம் குடியரசுக் கட்சியில் இருந்தார். பின்னாளில் செனட்டர் ஆனார். அவருடைய நிலக்கரிச் சுரங்கங்களில் வேலை செய்தவர்கள் அரசிடம் குத்தகைக்கு எடுத்த கைதிகள், பெரும்பாலும் கறுப்பினத்தவர்.

பிரிவுச் சட்டம் எப்போது ரத்தானது?

இரண்டு முறை என்று சொல்லலாம். 1864 நவம்பரில் ஒன்றியத் தரப்பு ஜெனரல் ஷெர்மனின் படை மில்லெட்ஜ்வில்லுக்குள் வந்தபோது, அதிகாரிகள் சிலர் காலியாகக் கிடந்த சட்டமன்ற மண்டபத்தில் உட்கார்ந்து பொய்ச் சட்டமன்றம் நடத்தி, ஒருவருக்கொருவர் வாய்ச்சவடால் விட்டு, பிரிவுச் சட்டத்தை ரத்து செய்வதாகத் தீர்மானம் போட்டார்கள். அது விளையாட்டு.

நிஜமான ரத்து 1865 அக்டோபர் 30-இல். அதே ஊரில் கூடிய மாநாடு. தலைமை வகித்தவர் ஏறக்குறைய ஐந்து ஆண்டு முன்பு தோற்ற ஹெர்ஷல் ஜான்சன். அந்த டிசம்பர் 6-இல் ஜார்ஜியா 13-வது திருத்தத்தை ஏற்றது; ஏற்ற 27-வது மாநிலம் அது, அத்தோடு தேவையான எண்ணிக்கை நிறைவேறி நாடு முழுக்க அடிமை முறை சட்டப்படி ஒழிந்தது. ஆனால் அதற்கு ஒரு மாதம் முன்பு அந்த மாநாடு எழுதிய மாநில அரசியல் சட்டத்தில், அடிமை முறை இனி இல்லை என்ற பிரிவின் வாலில் ஒரு நிபந்தனை தொங்குகிறது: இதை ஏற்றுக்கொள்வதால், அடிமைகளை இழந்தவர்கள் நட்டஈடு கேட்கும் உரிமையைக் கைவிட்டதாக ஆகாது.